ரோசி சென்ற சாலை

திருவனந்தபுரத்தில் குடியேறி வாழும் தமிழ்க் குடும்பத்தார்க்கு நாகர்கோயில் சாலை புதியதன்று. திருமணம், காதுகுத்து, கோயில் கொடை, ஊரிலுள்ள முதியோரின் நலம் விசாரித்தல் என்று ஆண்டுக்குப் பலமுறை அவ்வழியே போய் வருகிறோம். களியக்காவிளை வந்ததும் கடைப்பலகைகளில் எழுத்து மாறுவதைப் பிள்ளைகளுக்குச் சுட்டிக் காட்டுவதும் நம்மில் பலருக்கு வழக்கம். எல்லாம் சேர்த்து 70 கிலோமீட்டர் வழி. தொண்ணூறு ஆண்டுகளுக்கு மேலாயின. இதே சாலையில் ஓரிரவு, ஒரு லாரியில், ஓர் இளம்பெண் ஊரைவிட்டுத் தப்பி ஓடினார். மலையாள நாட்டின் முதல் திரைப்படத்தில் கதாநாயகியாக நடித்தவர் அவர். பெயர் பி. கே. ரோசி. நடித்தது ஒரே படம். அதுவும் பேசாப் படம். அவர் கேமராவின் முன் நின்றது பத்து நாட்களே என்பர்.

அவருடைய வரலாறு நெடுங்காலம் வாய்மொழியாகவே கிடந்தது. பத்திரிகையாளர் குன்னுகுழி மணி, திரைப்பட வரலாற்றாசிரியர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் முதலியோர் தேடித் திரட்டியிராவிடில் பெயர்கூட நமக்கு எட்டியிராது. அவர்கள் கூறியவற்றைத் துணையாகக் கொண்டு, ரோசி பிறந்த இடத்திலிருந்து அவர் மறைந்து வாழ்ந்த இடம் வரையில் ஒரு முறை சென்று வருவோமே என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் புறப்பட்டோம்.

கனகக்குன்று அரண்மனையையும் மியூசியத் தோட்டத்தையும் அறியாதவர் நம்முள் இலர். மாலை வேளைகளில் பிள்ளைகளுடன் நாம் காற்று வாங்கும் இடம். அதன் அயலதே நந்தன்கோடு. இன்று மாடி வீடுகளும் அலுவலகங்களும் நெருங்கி நிற்கும் பகுதி அது. 1903 பிப்ரவரி 10 ரோசியின் பிறந்த நாள் என்பர். இயற்பெயர் ராஜம்மா. புலையர் வகுப்பைச் சேர்ந்த ஏழைக் குடும்பம். தந்தையை இளமையிலேயே இழந்தார்; புல்லறுத்து விற்றுப் பிழைத்தார்.

நந்தன்கோட்டிலிருந்து சிறிது தூரம் நடந்தால் வெள்ளையம்பலம். நாற்சந்தியில் தலைப்பாகையுடன் நிமிர்ந்து நிற்கும் சிலையைப் பேருந்தில் போகும்போதெல்லாம் பார்க்கிறோம். 1980இல் இந்திரா காந்தி திறந்து வைத்த அய்யன்காளியின் சிலை அது. ரோசியின் வகுப்பில் பிறந்த பெருந்தலைவர் அவர். புலையர் பொது வீதியில் நடக்கலாகாது என்றிருந்த காலத்தில், 1893இல், வெள்ளைக் காளைகள் பூட்டிய வில்வண்டியில் ஏறி அவ்வீதியிலேயே சென்றவர். 1911இல் திருவிதாங்கூர் பிரஜா சபையில் உறுப்பினரானவர். அவர் முன்னின்று நடத்திய கிளர்ச்சிகளுள் ஒன்றை இங்கே குறிப்பிடுதல் தகும். புலையப் பெண்கள் கழுத்தில் கல்மாலையன்றி வேறு நகை பூணலாகாது என்பது அக்கால வழக்கம். 1915இல் கொல்லத்தை அடுத்த பெரினாட்டில் பெண்கள் கூடி அம்மாலைகளை அறுத்தெறிந்தனர். அப்பொழுது ரோசிக்கு வயது பன்னிரண்டு. ஒரு பெண் எதை உடுக்கலாம், எதை அணியலாம் என்பதே இந்நாட்டில் இரத்தம் சிந்தும் வழக்காக இருந்தது. பின்னால் நேர்ந்ததற்கெல்லாம் அதுவே காரணம் ஆதலின், நேயர்கள் இதை மனத்தில் கொள்ளவேண்டும்.

புல்லறுத்த கைகளுக்குக் கலை எங்கிருந்து வந்தது? காக்காரிசி நாடகத்திலிருந்து வந்தது. தென் திருவிதாங்கூர்ச் சிற்றூர்களில் வழங்கிய ஆடலும் பாடலும் நிறைந்த கூத்து அது. சிவனும் பார்வதியும் குறி சொல்லும் நாடோடிகளாக உருமாறி வருவர். ஊர்த் தம்புரான் அவர்களை வழிமறித்துக் கேள்வி மேல் கேள்வி கேட்பார். அவர்கள் குறும்பாக விடை கூறுவர். பேச்சும் பாட்டும் பாதி தமிழ், பாதி மலையாளம். இரண்டு மொழியையும் ஒரே வாக்கியத்தில் கலந்து பேசுகிறோம் என்று நம் வீட்டுப் பிள்ளைகளைக் கடிந்துகொள்கிறோமே, இந்தக் கூத்தே அந்தக் கலப்பில் பிறந்ததுதான்! பெண் வேடமும் ஆண்களே புனைந்து வந்த அக்கூத்தில் ரோசி துணிந்து மேடையேறினார். நல்ல நடிகை என்று பெயரும் எடுத்தார்.

அங்கிருந்து பட்டம் சென்றோம். பப்ளிக் சர்வீஸ் கமிஷன் அலுவலகம் இருக்கும் சுற்றுவட்டாரத்தில்தான் கேரளத்தின் முதல் ஸ்டூடியோ இருந்தது. அதை அமைத்தவர் அகத்தீசுவரத்துக்காரரான ஜே. சி. டானியேல், கன்னியாகுமரிக்கு அருகில் பிறந்த தமிழர். சிலம்பத்திலும் களரிப்பயிற்றிலும் தேர்ந்தவர். நம் நாட்டுப் போர்க்கலைகளை உலகுக்குக் காட்டத் திரைப்படமே சிறந்த கருவி என்று எண்ணியவர். சென்னைக்குச் சென்று ஸ்டூடியோக்களின் வாயிலில் நின்றார்; உள்ளே விடவில்லை. பம்பாய் சென்று தொழிலைப் பார்த்து அறிந்தார். குடும்ப நிலத்தை விற்றுக் கேமரா முதலியன வாங்கி வந்து, 1926இல் 'திருவாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்' என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். கதை எழுதியவர், இயக்கியவர், கதாநாயகனாக நடித்தவர் எல்லாம் அவரே.

படத்தின் பெயர் 'விகதகுமாரன்'. காணாமற்போன பிள்ளை என்று பொருள். புராணக் கதைகளே படமாகி வந்த காலத்தில் டானியேல் சமூகக் கதையை எடுத்துக்கொண்டார். திருவிதாங்கூர்ச் செல்வர் ஒருவரின் மகனைக் கயவன் ஒருவன் இலங்கைக்குக் கடத்திச் செல்கிறான். பிள்ளை அங்கே தோட்டத்தில் கூலியாக வளர்கிறான். தோட்டங்களுக்கு ஆள் கொண்டுபோன கதைகளை நம் பாட்டன்மார் வாயால் கேட்டிருக்கிறோம். டானியேலும் அதைத் தம் ஊரில் கண்டவரே. கயவனாக நடித்த ஜான்சன், பின்னாளில் 'ஜெனோவா', 'கூண்டுக்கிளி' முதலிய தமிழ்ப் படங்களில் நடித்த பி. எஸ். சரோஜாவின் தந்தையாவார்.

கதாநாயகி கிடைப்பதுதான் அரிதாயிற்று. குடும்பப் பெண்கள் திரைக்கு வர எண்ணியும் பார்க்காத நாள். பம்பாயிலிருந்து லானா என்றொரு நடிகையை வரவழைத்தனர். அவர் கேட்ட வசதிகளுக்கு ஈடுகொடுக்க இயலாமல் திருப்பி அனுப்ப நேர்ந்தது. பிறகே காக்காரிசி மேடையிலிருந்த ரோசியைத் தேடி வந்தனர். நாளொன்றுக்கு ஐந்து ரூபாய் ஊதியம் என்று பேசினராம். காலையில் உணவுப் பாத்திரத்தைக் கையில் ஏந்தி நடந்தே வருவார். மற்றவரோடு அமர்ந்து உண்ண அழைத்தாலும் ஒதுங்கியே உண்பார். மாலையில் நடந்தே திரும்புவார். இந்த இரு நடைகளுக்கும் நடுவே, கேமரா சுழலும் பொழுது மட்டும், அவர் சரோஜினி என்னும் நாயர் குலப் பெண். காணாமற்போன பிள்ளையின் தங்கை. நல்ல ஆடையும் நகையும் அணிந்து, தலையில் பூச்சூடி நிற்பார்.

பேசாப் படத்தில் நடிப்பவரின் மொழியை யாரும் கேட்பதில்லை. பம்பாயிலும் கல்கத்தாவிலும் ஆங்கிலோ இந்தியப் பெண்களும் யூதப் பெண்களும் புராண நாயகிகளாகவும் அரண்மனை அழகிகளாகவும் நடித்துப் புகழ் பெற்றது அதனாலன்றோ? ரூபி மையர்ஸ் என்னும் யூதப் பெண் சுலோசனா என்ற பெயரில் 1928இல் அனார்கலியாகத் திரையில் தோன்றினார்; நாடே கை தட்டிற்று. குரல் இல்லாத அந்தத் திரையில் எவரும் எவராகவும் ஆகலாம் என்றே நினைக்கத் தோன்றும். திருவனந்தபுரம் அதற்கு ஓர் விலக்கு வைத்திருந்தது.

அந்த விலக்கு வெளிப்பட்ட இடம் காப்பிட்டல் தியேட்டர். ஸ்டாச்சூவில் ஏஜீஸ் ஆபீஸுக்கு அருகில் அது இருந்தது. நம் அன்பர்களில் அங்கே வேலை பார்த்து ஓய்வு பெற்றவர் பலர். அவர்கள் நாள்தோறும் நடந்த நடைபாதைதான். படம் முதன்முதல் காட்டப்பட்ட நாளாக நூல்களில் 1928 நவம்பர் 7 என்றும் 1930 அக்டோபர் 23 என்றும் இருவகைக் குறிப்புண்டு. பிந்தியதே சரியென்று இப்பொழுது ஆய்வாளர் பலர் கருதுகின்றனர். காட்சியைத் தொடங்கி வைத்தவர் புகழ்பெற்ற வழக்கறிஞர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை. ரோசி அவைக்கு வந்தால் தாம் வர இயலாது என்று அவர் கூறிவிட்டாராம். தாம் நடித்த படத்தின் முதற்காட்சியில், மற்ற நடிகர்கள் முன்வரிசையில் அமர்ந்திருக்க, கதாநாயகிக்கு மட்டும் இடம் இல்லை.

விளக்குகள் அணைந்தன. கதையை உரக்கச் சொல்ல ஒருவர் திரையருகே நின்றார். ஒரு காட்சியில் சரோஜினியின் கூந்தலிலிருந்த பூவை நாயகன் எடுத்து முத்தமிடுகிறான். அரங்கம் கொதித்தது. புலையப் பெண் நாயர் மங்கையாக உடுத்து நிற்பதா, அவள் கூந்தற்பூவை முத்தமிடுவதா என்று கூச்சல் எழுந்தது. கற்கள் பறந்தன, திரை கிழிந்தது. அன்று நிகழ்ந்தவற்றுள் நம்மை மிகவும் வருத்துவது இந்தக் கல்லெறிதான். திரையில் இருந்தது வெறும் நிழல். துணிமீது விழும் ஒளி. அந்த நிழல்கூட அவ்வாடையை உடுக்கக் கூடாது என்று எறிந்தார்கள்! ஆலப்புழை முதலிய ஊர்களில் படம் இவ்வளவு எதிர்ப்பின்றி ஓடியிருக்கிறது. தலைநகரமோ பொறுக்கவில்லை. வசை திரையோடு நிற்காமல் நந்தன்கோடு சென்றது. அடுத்த சில நாட்களில் ரோசியின் குடிசைக்குத் தீ வைத்தனர். உயிர் பிழைத்தால் போதும் என்று அவர் ஓடினார். நாகர்கோயில் பக்கம் போகும் லாரி ஒன்று அவரை ஏற்றிக்கொண்டது.

நாம் தம்பானூரில் பேருந்து ஏறினோம். கரமனை ஆறு, நேமம் எல்லாம் கடந்து பாலராமபுரம் வரும்பொழுது வெயில் ஏறிவிட்டது. கசவு வேட்டிக்குப் பெயர் பெற்ற இவ்வூர் நெசவாளரின் முன்னோர் தெற்கேயுள்ள தமிழ்நாட்டிலிருந்து அரசரால் வரவழைக்கப்பட்டவர் என்பதை நேயர்களில் சிலர் அறிந்திருக்கலாம். அவர்கள் இச்சாலையில் வடக்கே வந்தனர். ரோசி தெற்கே சென்றார். நெய்யாற்றின்கரை, பாறசாலை, பிறகு களியக்காவிளை.

ரோசி தமிழ்நாட்டுக்குத் தப்பிச் சென்றார் என்றே எல்லாரும் எழுதுகின்றனர். அது முற்றும் சரியன்று. அவர் ஓடிய காலத்தில் களியக்காவிளையில் எல்லை இல்லை. நாகர்கோயிலும் கன்னியாகுமரியும் திருவிதாங்கூர் மன்னரின் ஆட்சியிலேயே இருந்தன; 1956 நவம்பர் 1 அன்றுதான் அப்பகுதி சென்னை மாநிலத்தோடு இணைந்தது. ஆகவே அவர் வேறு நாட்டுக்குச் செல்லவில்லை; அதே அரசர், அதே சட்டம், அதே சாதி முறை. சுசீந்திரத்தில் கோயிலைச் சுற்றிய வீதிகளில் எல்லாரும் நடக்க உரிமை வேண்டி 1926இலும் 1930இலும் சத்தியாக்கிரகம் நடந்தது இதே நாஞ்சில் நாட்டில்தான். கோயில் நுழைவுப் பிரகடனம் வந்தது 1936இல். அப்படியாயின் 70 கிலோமீட்டரில் ரோசிக்கு எது மாறிற்று? பேச்சு மாறிற்று. காக்காரிசியில் பாதித் தமிழ் பேசிப் பழகிய நாவுக்கு மீதிப் பாதியும் எளிதில் வந்திருக்கும். அவரை யாரென்று அறிந்தவர் இல்லாத ஊர் கிடைத்தது, அதுவே வேண்டியிருந்தது.

தக்கலையில் இறங்கிப் பத்மநாபபுரம் அரண்மனையையும் பார்த்துவிட்டுச் சென்றோம். மரவேலைப்பாட்டைப் பற்றி முன்பே பலர் எழுதியிருப்பதால் விடுகிறோம். ஒன்று மட்டும் சொல்லத் தோன்றுகிறது. அரண்மனை நிற்பது தமிழ்நாட்டு மண்ணில். அதைப் பேணி வருவதோ கேரள அரசு. 1956இல் எல்லை பிரித்தபோது இந்த அரண்மனையைக் கேரளம் விட்டுக்கொடுக்கவில்லை. டானியேலை விட்டுக்கொடுத்துவிட்டது. படம் தோற்றுக் கடன் மிகுந்து ஸ்டூடியோவை விற்ற அவர், பல்மருத்துவம் கற்றுத் தமிழ்நாட்டு ஊர்களில் தொழில் செய்து, முதுமையில் அகத்தீசுவரத்துக்கே திரும்பி வறுமையில் உழன்றார். கேரள அரசிடம் உதவித்தொகை கேட்டபோது, நீர் தமிழ்நாட்டவர், அவ்வரசிடம் கேளும் என்று விடை வந்ததாம். அவர் எடுத்தது பேசாப் படம் ஆதலின் அது மலையாளப் படமே அன்று என்றும் வாதிட்டனர். 1938இல் வந்த 'பாலன்' என்ற பேசும் படத்தையே முதற்படமாகக் கொண்டனர். 1975இல் டானியேல் மறைந்தார். 1992இல் மலையாளத் திரைத்துறையின் உயரிய விருதுக்குக் கேரள அரசு அவர் பெயரைச் சூட்டிற்று. எல்லைக்கு இருபுறமும் வேர் விட்டு வாழும் நம்மவர்க்கு, ரேஷன் அட்டைக்கும் சாதிச் சான்றிதழுக்கும் அலைந்த நினைவில், அந்த விடையின் தொனி நன்றாகப் புரியும்.

வடசேரியில் இறங்கும்போது பிற்பகல். கோயில் நகை செய்வதில் பெயர் பெற்ற இடம் இந்த வடசேரி. பரதநாட்டியம் ஆடும் நம் பெண்களுக்குத் தலைசாமானும் ஒட்டியாணமும் இங்கிருந்து வாங்கி வருவோர் உண்டு. நாகர்கோயிலில்தான் ரோசி ராஜம்மாள் ஆனார். லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்தார். அவர் நாயர் வகுப்பினர். எந்த வேடத்தைத் திரையில் தாங்கியதற்காகக் கல்லெறிந்தார்களோ, அதே குலத்து வீட்டில் மருமகளாக அவர் வாழ்நாளெல்லாம் வாழ்ந்தார். தாம் நடிகையாய் இருந்ததைப் பற்றி வாய் திறவாமல் வாழ்ந்தார் என்கின்றனர். அந்த மௌனத்தால் பிள்ளைகள் வளர்ந்தனர், வீடு நிலைத்தது. அதைக் கோழைமை என்று எவரேனும் சொன்னால் நாம் ஒப்பமாட்டோம். நாற்பது, ஐம்பது ஆண்டுகள் ஒருவரும் ஐயுறாமல் ஒரு வேடத்தைத் தாங்குவது எளிய நடிப்பா? 1980களின் இறுதியில் அவர் காலமானார்.

வடசேரியிலிருந்து அகத்தீசுவரம் வண்டியில் அரைமணி நேரத்துக்குச் சற்று மிகும். பனையும் தென்னையும் சூழ்ந்த அமைதியான ஊர். 'விகதகுமாரன்' படச்சுருளின் முடிவும் டானியேலின் வீட்டிலேயே நேர்ந்தது. அவருடைய இளைய மகன் ஆறு வயதுச் சிறுவனாக இருந்தபோது, பெட்டியில் கிடந்த சுருள்களை எடுத்துத் தீயிட்டுக் கொளுத்தி, அது எரியும் நீலச் சுடரைப் பார்த்து மகிழ்ந்தாராம். பின்னாளில் அவரே இதைச் சொல்லியிருக்கிறார். மலையாள நாட்டின் இரண்டாம் பேசாப் படமான 'மார்த்தாண்டவர்மா' 1933இல் இதே காப்பிட்டல் தியேட்டரில் திரையிடப்பட்டது. எடுத்தவர் டானியேலின் உறவினரான நாகர்கோயில் சுந்தரராஜ். நாவலின் உரிமை பற்றிய வழக்கில் படத்தைப் பறிமுதல் செய்து ஒரு புத்தகக் கடையில் பூட்டி வைத்தனர். வழக்கில் அகப்பட்டதனாலேயே அது அழியாமல் தப்பி, 1974இல் புனே திரைப்படக் காப்பகம் சேர்ந்தது. எவரும் பறிமுதல் செய்யத் துணியாத ரோசியின் படம் விளையாட்டுத் தீயில் போயிற்று.

இப்பொழுது அவர் பெயரை உலகம் சொல்கிறது. 2013இல் கமல் இயக்கிய 'செல்லுலாய்டு' என்ற மலையாளப் படம் டானியேலின் கதையோடு ரோசியின் கதையையும் காட்டிற்று. 2019இல் மலையாளத் திரைப் பெண்கள் தொடங்கிய திரைப்படக் கழகத்துக்கு அவர் பெயரையே வைத்தனர். 2020களில் சென்னையில் இயக்குநர் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையத்தார் ரோசி பெயரால் திரைப்பட விழா நடத்தினர். 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் நிறுவனம் தன் முகப்பில் அவர் உருவை வரைந்து வெளியிட்டது. 

இவ்விடங்களைக் காண விரும்பும் அன்பர்கள் காலை ஏழு மணிக்கு நந்தன்கோட்டில் தொடங்கினால், வெள்ளையம்பலம், பட்டம், ஸ்டாச்சூ ஆகியவற்றை ஒன்பதரைக்குள் பார்த்துவிடலாம். தம்பானூரிலிருந்து நாகர்கோயிலுக்குப் பேருந்துகள் அடிக்கடி உண்டு. பத்மநாபபுரம் அரண்மனைக்குத் திங்கட்கிழமை விடுமுறை. தக்கலையில் உணவை முடித்துக்கொண்டால் வடசேரியும் அகத்தீசுவரமும் பார்த்து, கன்னியாகுமரியில் மாலைச் சூரியனையும் கண்டு திரும்பலாம். பள்ளிப் பிள்ளைகளை அழைத்துச் செல்வோர், களியக்காவிளையில் எழுத்து மாறுவதைக் காட்டும்போதே, 1956க்கு முன் அங்கே அப்படி ஒரு கோடு இல்லை என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.